ராக்ஸன் என்றால்

ஐடஹோ மாநிலம், ட்வின் ஃபால்ஸ் ஊர்.
பிப்ரவரிப் பனியில் பிறந்த பையனுக்கு
எந்த அகராதியிலும் இல்லாத பெயர்.
படிவம் கொண்டுவந்தவள் இருமுறை
எழுத்துக் கூட்டிக் கேட்டாள்.
"ஆமாம், நடுவில் எக்ஸ்தான்" என்றான் வெய்லன்,
சர்க்கரைக் கிழங்கு லாரி ஓட்டுகிறவன்,
முப்பது மணி நேரமாய்த் தூங்காத தகப்பன்.

உறவினர் பெயர்ப் புத்தகம் புரட்டினார்கள்.
பீட்டர் என்றால் பாறை.
லியோ என்றால் சிங்கம்.
ராஃபேலுக்கும் ரேமண்டுக்கும் இடையில்
மயிரிழை அகல வெள்ளைத் தாள்,
அதுதான் இவன்.
"மருந்துப் பெயர் மாதிரி இருக்கிறதே,
முழங்கால் வலிக்கு,
சாப்பாட்டுக்குப் பின், இருவேளை"
என்றாள் அத்தை மாரிபெத்.

தாய் கிறிஸ்டா ஓர் அர்த்தம் வைத்திருந்தாள்:
பழைய வடநாட்டு மொழி, விடியலின் மகன்.
கடையில், தேவாலயத்தில், பல் மருத்துவரிடத்தில்
கேட்டவர்க்கெல்லாம் சொல்லிச் சொல்லி
அவளே பாதி நம்பிவிட்டாள்.

இரண்டாம் வகுப்பில் வீட்டுப்பாடம் வந்தது:
உன் பெயரின் பொருளும் வரலாறும்.
ஐந்து வரி. படம் வரைக.

அன்றிரவு லாரி கழுவும் இடத்தில்
குழாயை மூடிவிட்டு வெய்லன் சொன்னான்:
நீ பிறந்த இரவு ஆஸ்பத்திரிச் சன்னலுக்கு எதிரே
டிராக்ஸ்லர் அண்ட் சன் ஹார்டுவேர்.
கூரைமேல் பதினொரு விளக்கெழுத்து.
முதல் எழுத்து அணைந்திருந்தது.
நடுவில் நான்கு அணைந்திருந்தன.
கடைசியில், மகன் என்ற சொல்லின்
தலையெழுத்தும் எரியவில்லை.
மிச்சம் ஐந்து, பனிக்குள் சிவப்பாக.
உன் அம்மா என் கையை நசுக்கிக்கொண்டிருந்தாள்.
நான் அதை வாசித்துக்கொண்டே இருந்தேன்.
நீ அழுதாய். நான் அதைச் சொன்னேன்.

இடுகுறியா காரணமா என்று
இலக்கணக்காரர் வந்து கேட்டால்
என்ன சொல்வது?
பெயருக்குக் காரணம் இருக்கிறது.
அந்தக் காரணத்துக்குத்தான்
ஒரு காரணமும் இல்லை,
ஒயரில் ஈரம் இறங்கியதைத் தவிர.

போய்ப் பார்த்தார்கள்.
இப்போது அங்கே கைப்பேசிக் கடை.
பலகை போய்விட்டது,
திருகாணித் துளைகள் மட்டும் இருந்தன.
எழுத்துக்கு இரண்டாய் இருபத்திரண்டு
எண்ணினான் பையன்.
இடமிருந்து மூன்றாவது துளையைக் காட்டி
"இங்கேதான் நான் தொடங்குகிறேன்" என்றான்.
வெய்லன் சிகரெட்டைப் பற்றவைக்காமல்
வாயிலேயே வைத்திருந்தான்.

வீட்டுப்பாடம்:
என் பெயர் முன்பு நட்டும் போல்ட்டும் விற்றது.
என் பெயருக்கும் எனக்கும் ஒரே வயது.
அம்மா சொல்வது பொய், ஆனால் நல்ல பொய்.
வேறு யாருக்கும் இந்தப் பெயர் கிடையாது.
ஐந்தாவது வரி இன்னும் யோசிக்கிறேன்.

மார்ச்சில் நாம்ப்பாவிலிருந்து மாற்றலாகி
ஒரு குடும்பம் வந்தது.
மூக்கு ஒழுகும் பையன், பச்சைப் பை.
பெயர், ராக்ஸன் ஆர்கட்.

கிறிஸ்டா கொதித்துப்போனாள்,
வாசலில் நிறுத்திவைத்த சைக்கிள்
களவு போனதுபோல.
அந்தத் தாய்க்கே தொலைபேசி போட்டாள்.
"நானே உண்டாக்கினேன்" என்றாள் அவள்,
"அப்பா ரால்ஃபின் தலை,
அண்ணன் டிக்ஸனின் வால்.
நீங்கள் எங்கே எடுத்தீர்கள்?"
எட்டு வினாடி மௌனம்.
"விடியலின் மகன்" என்றாள் கிறிஸ்டா,
குரல் கொஞ்சம் தேய்ந்து.

மறுநாள் மிஸ் புரூயிட் வருகைப் பதிவைத் திறந்தாள்.
"ராக்ஸன்."

சன்னலோரம் ஒரு தலை,
கதவோரம் ஒரு தலை.
"எந்த ராக்ஸன், மிஸ்?"
இருவரும் ஒரே நேரத்தில் கேட்டார்கள்,
பீட்டர்கள் இரண்டாயிரம் வருடமாய்க்
கேட்டுக்கொண்டிருப்பதுபோல,
சலிப்போடு.